வெள்ளவத்தையில் வெயில் அளந்தோம்

போர் நடந்துகொண்டிருந்த அந்த வருஷங்களில், கொழும்புத் தமிழர்கள் வீட்டுக் கூரையில் புதிதாக ஒரு டீவி அன்டெனா பூட்டுவதற்கே நாலு தரம் யோசிப்பார்கள். யார் பார்ப்பார்கள், பார்த்தவர் யாரிடம் போய்ச் சொல்வார், அதைக் கேட்டவர் எந்த உடுப்பில் வந்து கதவைத் தட்டுவார் என்றெல்லாம் எண்ணிப் பார்க்க வேண்டியிருந்தது. அப்படிப்பட்ட காலத்தில்தான் நான், வெள்ளவத்தையில் காலி வீதியோரம் ஒரு சேலைக் கடைக்கு மேலிருந்த இரண்டு அறை அலுவலகத்தில், நூறு ஏக்கரில் சூரிய மின்நிலையம் கட்டுகிற வேலைக்குச் சேர்ந்தேன்.

அலுவலகத்தில் மூன்றே பேர். அதை நடத்தியவர் யாழ்ப்பாணத்தில் பிறந்து, வளைகுடா நாடொன்றில் நெடுங்காலம் மின்பொறியியலாளராக இருந்தவர். இங்கே இருந்தவர்கள் எல்லாரும் வெளியே போக வழி தேடிக்கொண்டிருந்த நேரத்தில் அவர் பெட்டி படுக்கையோடு திரும்பி வந்தார். விமான நிலையத்தில் குடிவரவு அதிகாரி கடவுச்சீட்டை முன்னும் பின்னும் புரட்டிப் பார்த்துவிட்டு, “வாசல் மாறி வந்திட்டீங்களோ?” என்று கேட்டதாக அவரே சொல்லிச் சிரிப்பார். முதலாளி என்று கூப்பிட்டால் அவருக்குப் பிடிக்காது. புறக்கோட்டையில் வெங்காயம் விற்கிறவன் போல இருக்கிறதாம். அதனால் நாங்கள் அவரை ‘சேர்’ என்றே கூப்பிட்டோம்.

மற்றவர் குருணாகல் பக்கத்துச் சிங்களவர், நில அளவையாளர். வாழ்நாள் முழுவதும் அண்ணன் தம்பி சண்டைபோடும் துண்டுக் காணிகளை அளந்து அளந்து சலித்துப்போனவர். ஒரே துண்டாக நூறு ஏக்கர் அளக்க வேண்டும் என்று சேர் சொன்ன அன்றே தன் பழைய வேலையை விட்டுவிட்டு வந்துவிட்டார். சிங்கள வழக்கப்படி நான் அவரை ‘அய்யே’, அண்ணன், என்பேன்; அவர் என்னை ‘நங்கி’, தங்கச்சி, என்பார்.

மூன்றாவது ஆள் நான். கொட்டாஞ்சேனைக்காரி. பல்கலைக்கழகத்தில் மின்பொறியியல் முடித்து அப்போதுதான் வெளியே வந்திருந்தேன். காலையில் கொட்டாஞ்சேனையிலிருந்து புறக்கோட்டைக்கு ஒரு பஸ், அங்கிருந்து வெள்ளவத்தைக்கு இன்னொன்று. நடுவில் சோதனைச் சாவடிகளில் இறங்கி ஏறுவது வேறு. என்ன வேலை என்று சாவடியில் கேட்டால் “கரண்ட் கொம்பனி” என்று சொல்லுமாறு அம்மா எனக்குப் பாடமாக்கியிருந்தார். பூசை முடிந்து கோயில் வாசலில் விசாரிக்கிறவர்களுக்கும் அவர் அதையேதான் சொல்வார். வெயிலை வைத்து மகள் ஏதோ செய்கிறாள் என்று சொன்னால், கல்யாணப் பேச்சு வருகிற இடமெல்லாம் நின்றுபோகும் என்பது அவருடைய பயம்.

சேருடைய திட்டம் கேட்க எளிமையானது. வறண்ட பிரதேசத்தில் மேடு பள்ளமில்லாத, மர நிழல் விழாத காணியாகப் பார்க்க வேண்டும். பக்கத்தால் உயர் அழுத்த மின்கம்பி போக வேண்டும். கொன்டேய்னர் வருகிற அளவுக்கு வீதி இருக்க வேண்டும். அதில் வரிசை வரிசையாகச் சூரியத் தகடுகளை நிறுத்தி, வருகிற மின்சாரத்தை நாட்டின் மின்கம்பியில் ஏற்றி அரசாங்கத்துக்கு விற்க வேண்டும். நாட்டில் அதுவரை அப்படி ஒன்றை யாரும் கட்டியதில்லை. முதலில் அவர் மன்னாரைத்தான் நினைத்திருந்தார். வெயிலுக்கு அதைப் போல இடமில்லை என்பார். ஆனால் அந்த நேரம் மன்னாரில் நூறு ஏக்கர் அளக்கப் போகிறோம் என்று சொல்லியிருந்தால், எங்களை அளந்து வேறிடத்தில் வைத்திருப்பார்கள். மன்னார் கைவிடப்பட்டது. வேறு காணி கிடைக்கவில்லை.

பணம் போடச் சம்மதித்திருந்தது ஐரோப்பாவில் ஒரு நிறுவனம். அவர்கள் ஒரேயொரு நிபந்தனை வைத்தார்கள். உங்கள் நாட்டில் நல்ல வெயில் என்று நீங்கள் வாயால் சொன்னால் போதாது, ஒரு வருஷம் அளந்து காட்டுங்கள் என்றார்கள். அளப்பதற்கான கருவியையும் அவர்களே அனுப்பிவைத்தார்கள்.

பெட்டியைப் பிரித்து அதை மேசையில் வைத்துவிட்டு மூன்று பேரும் சுற்றி நின்று பார்த்தோம். கவிழ்த்து வைத்த ஒரு சிறிய கண்ணாடிக் கிண்ணம், அதன் அடியில் பளபளக்கும் உலோகத் தட்டு. தட்டிலிருந்து நீளமாக ஒரு கறுப்பு வயர் போனது. வயரின் அந்தத் தலையில் சாம்பல் நிறப் பெட்டியொன்று, அதில் இலக்கம் காட்டும் சிறு திரை, விட்டு விட்டு மினுங்கும் சிவப்பு விளக்கு. சேருக்கு அதன் அழகு மட்டும்தான் தெரிந்தது. “என்ன வடிவு பாத்தியே பிள்ளை,” என்றார்.

அய்யே என் பக்கம் சாய்ந்து சிங்களத்தில் மெதுவாகச் சொன்னார்: “நங்கி, இது வெயில் அளக்கிற சாமான் எண்டு எனக்குத் தெரியும். ஆனா இந்த ரோட்டில எங்க மூண்டு பேருக்கு மட்டுந்தான் தெரியும்.”

காணி கிடைக்கும்வரை அதை எங்கள் கட்டிடத்து மொட்டை மாடியில் வைத்துப் பரீட்சித்துப் பார்ப்பது என்று முடிவாயிற்று. மாடியை ஆண்டவர் மேல்தளத்தில் குடியிருந்த அன்ரி. பிள்ளைகள் எல்லாம் வெளிநாட்டில். உடுப்பு உலர்த்துவது, மிளகாய் காயவைப்பது, சனிக்கிழமை விரதமிருந்து காகத்துக்குச் சோறு வைப்பது எல்லாமே அவருக்கு அங்கேதான். அனுமதி கேட்கப் போனபோது கருவியை நெடுநேரம் பார்த்துவிட்டு, “வெடிக்காதுதானே?” என்று ஒரு கேள்வி மட்டும் கேட்டார். வெடிக்காது என்று சத்தியம் செய்து கொடுத்தேன். தன் கொடிக்கயிற்றுக்கு இடைஞ்சல் வராத மூலையாகப் பார்த்து அவரே இடம் காட்டினார்.

கருவி வேலை செய்யத் தொடங்கியது. ஒவ்வொரு வாரமும் நான் மாடிக்கு ஏறிப் பெட்டியிலிருந்த பதிவுகளைக் கணினியில் இறக்கி ஐரோப்பாவுக்கு அனுப்புவேன். அங்கே அவற்றைப் பார்த்த பொறியியலாளர் மிகவும் கண்டிப்பான மனிதர் போலும். சில வாரங்கள் கழித்து அவரிடமிருந்து ஒரு மின்னஞ்சல் வந்தது. தரவுகள் பொதுவாக நன்றாக இருக்கின்றன, ஆனால் கொழும்பில் சனிக்கிழமைகளில் மட்டும் மத்தியான வேளையில் சூரியன் ஏன் திடீரென்று மங்குகிறது, விளக்கம் தரவும் என்று எழுதியிருந்தார்.

சேர் வயரைச் சந்தேகித்தார். அய்யே கடல் காற்றைச் சந்தேகித்தார். அடுத்த சனிக்கிழமை நான் குடையைப் பிடித்துக்கொண்டு மாடிப்படி வாசலில் காத்திருந்தேன். அன்ரி வாழையிலைத் துண்டில் எள்ளுச்சோறு கொண்டுவந்து வைத்து, “கா, கா” என்று கூப்பிட்டுவிட்டுப் போனார். காகங்கள் வந்தன, தின்றன. தின்று முடித்ததும் அவற்றில் பெரியதொரு காகம் நிதானமாக நடந்துவந்து, கண்ணாடிக் கிண்ணத்தின் மேல் ஏறி, குளிர்ச்சியாக இருந்ததோ என்னவோ, சிறகைத் தளர்த்தி அமர்ந்துகொண்டது. வயிறு நிறைந்த காகம் எளிதில் எழும்பாது. போகும்போது கண்ணாடியில் அடையாளமும் வைத்துவிட்டுப் போனது.

இதை ஐரோப்பாவுக்கு எப்படி எழுதுவது என்பதுதான் பெரும் பாடாகிவிட்டது. சனீஸ்வரனையும் காகத்தையும் எள்ளுச்சோற்றையும் சேர் எழுதி எழுதி அழித்தார். கடைசியில், உள்ளூர்ச் சமய வழக்கம் காரணமாக வாரத்தில் ஒரு நாள் பறவைகளுக்கு உணவிடப்படுவதால் இந்த வீழ்ச்சி ஏற்படுகிறது என்று ஒரே வசனத்தில் முடித்தார். மறுநாளே பதில் வந்தது. இந்தச் சமயம் திட்டம் அமையவிருக்கும் பகுதியிலும் பின்பற்றப்படுகிறதா என்று கேட்டிருந்தார்கள்.

அன்ரியிடம் நான் பேசினேன். சோற்றை மாடியின் அந்தப் பக்கத்து மூலைக்கு மாற்ற அவர் மறுக்கவில்லை. ஆனால் காகத்திடம் அதைச் சொல்வது என் பொறுப்பு என்றார்.

காகப் பிரச்சினை தீர்ந்த கொஞ்ச நாளில் பொலிஸ் வந்தது.

எதிர்ப் பக்கத்து அடுக்குமாடியில் யாரோ தகவல் கொடுத்திருக்க வேண்டும். அன்று பின்னேரம் அலுவலகத்தில் நான் மட்டும்தான். சேர் ஒரு அமைச்சுக்குப் போயிருந்தார். அய்யே புத்தளம் பக்கம் ஒரு காணி பார்க்கப் போயிருந்தார். சார்ஜன்ட் ஒருவரும் இரண்டு கான்ஸ்டபிள்களும் நேரே மாடிக்கு ஏறினார்கள். நான் பின்னால் ஓடினேன். அன்ரி கொடியிலிருந்த சேலைகளை அவசரமாக உருவிக்கொண்டு உள்ளே போய்க் கதவைப் பூட்டினார்.

சார்ஜன்ட் கருவியிலிருந்து தள்ளி நின்றபடி இது என்ன என்று கேட்டார். வெயில் அளக்கிற கருவி என்றேன். அவர் அண்ணாந்து வானத்தைப் பார்த்தார், பிறகு என்னைப் பார்த்தார். வெயில் அங்கேதானே இருக்கிறது, அதை ஏன் அளக்க வேண்டும் என்பது அவர் முகத்தில் எழுதியிருந்தது. அடையாள அட்டையை வாங்கிப் பெயரைப் படித்ததும் முகம் இன்னும் இறுகியது. கருவியும் நீங்களும் ஸ்டேஷனுக்கு வரவேண்டும் என்றார்.

பயம் வந்தது உண்மை. ஆனால் ஒரு கான்ஸ்டபிள் கண்ணாடியை விரலால் பிடித்துத் தூக்கப்போனதும், அதற்கு முன் எப்போதும் எனக்கு வராத ஒரு குரல் வந்தது. கையை எடுங்கள், அதில் விரல் ரேகை படக்கூடாது என்று சிங்களத்தில் அதட்டிவிட்டேன். அவர் உடனே கையை எடுத்துக்கொண்டார். ஜீப்பில் அதைக் குழந்தை போல மடியில் வைத்துக்கொண்டு போனேன். ஒவ்வொரு பள்ளத்திலும் சாரதியிடம் மெதுவாக ஓட்டும்படி சொன்னேன். அவரும் ஓட்டினார்.

ஸ்டேஷனில் பொறுப்பதிகாரியான இன்ஸ்பெக்டருக்கு முன்னால் உட்காரவைத்தார்கள். நடுத்தர வயது, கனத்த மீசை, களைத்த கண்கள். நாங்கள் சிங்களத்தில்தான் பேசினோம்.

“இது என்ன செய்யும்?”

“வெயில் எவ்வளவு எண்டு அளக்கும், சேர்.”

“அளந்து?”

“இந்தப் பெட்டியில பதிஞ்சு வைக்கும்.”

“பதிஞ்சு?”

“வெளிநாட்டுக்கு அனுப்புவம்.”

சொல்லி முடித்த பிறகுதான் அது காதில் எப்படி விழும் என்று எனக்கு உறைத்தது. இன்ஸ்பெக்டர் பேனையை மேசையில் வைத்தார். பிறகு, கருவி வேலை செய்வதைக் காட்டச் சொன்னார். அந்த நேரம் பார்த்து வெளியே மழைக்கு இருட்டிக்கொண்டு வந்திருந்தது. பெட்டியில் இலக்கம் பூச்சியத்தை ஒட்டி நின்றது. இது பழுது என்றார் அவர். கருவி பழுதில்லை, வெயில்தான் இல்லை என்றேன். பின்னால் நின்ற கான்ஸ்டபிள் ஒருவர் சிரிப்பை அடக்கப் பார்த்து இருமினார்.

இன்ஸ்பெக்டர் மேசை லாச்சியைத் திறந்து டோர்ச் லைட்டை எடுத்துக் கண்ணாடிக்கு நேரே பிடித்தார். இலக்கம் மெல்ல ஏறியது. நிறுத்தினார், இறங்கியது. திரும்பப் பிடித்தார். அவர் முகத்தில் என்னவோ இளகியது. சார்ஜன்ட்டின் டோர்ச்சைக் கேட்டு வாங்கினார். அது இன்னும் கூட ஏறியது. அதன்பிறகு ஸ்டேஷனில் இருந்த டோர்ச் எல்லாம் ஒவ்வொன்றாக வந்தன. யாருடையது கூட வெளிச்சம் என்று போட்டி நடந்தது. முறைப்பாடு எழுதவந்த ஒரு மனிதர் தன் சைக்கிள் லைட்டையும் கழற்றிக்கொண்டு வந்தார். மறியலில் இருந்த ஒருவர் கம்பிக்குள்ளிருந்து எட்டிப் பார்த்து, யாருடையது வென்றது என்று கேட்டார். சார்ஜன்ட்டுடையதுதான் வென்றது. இன்ஸ்பெக்டருக்கு அது அவ்வளவாகப் பிடிக்கவில்லை.

அதற்குப் பிறகு அவர் கேட்ட கேள்விகள் வேறு மாதிரி இருந்தன. நூறு ஏக்கர் எதற்கு, மரம் நின்றால் என்ன, மின்கம்பி எவ்வளவு கிட்ட இருக்க வேண்டும் என்றெல்லாம் விசாரித்தார். நான் சொல்லச் சொல்ல அவர் கதிரையில் முன்னுக்கு வந்தார். அவருடைய மனைவியின் ஊர் அம்பாந்தோட்டைப் பக்கம், முள்ளுப் பற்றைக் காடு. கொழும்பு வெயிலெல்லாம் ஒரு வெயிலா, எங்கள் ஊர் வெயிலுக்கு இந்தப் பெட்டி தாங்காது என்றார். மச்சானுடைய காணி ஒன்று சும்மா கிடக்கிறதாம், ஆடு கூட அதில் நிற்காதாம். கடதாசி ஒன்றை எடுத்து வரைபடம் கீறத் தொடங்கினார். எனக்குப் பிளேன்டீ வந்தது.

சேர் ஒரு சட்டத்தரணியையும் கூட்டிக்கொண்டு வியர்க்க விறுவிறுக்க ஓடிவந்தது அந்த நேரம்தான். வாசலில் நின்றபடி அவர் கண்டது, மேசையில் குனிந்து வேகமாக எழுதுகிற இன்ஸ்பெக்டரையும், எதிரே உட்கார்ந்து “ஓம் சேர், அந்த ரோட்டால, அந்தப் பாலத்துக்கு அங்கால” என்று அவர் சொன்ன வழியைத் திருப்பிச் சொல்கிற என்னையும். என்னிடம் வாக்குமூலம் எடுக்கிறார்கள் என்றே அவர் நினைத்துவிட்டார். கட்டியிருந்த கழுத்துப் பட்டியைத் தளர்த்திக்கொண்டு, “பிள்ளை, ஒண்டும் சொல்லாத,” என்று தமிழில் கத்தினார்.

இன்ஸ்பெக்டர் நிமிர்ந்து, “இவர்தான் உங்கட பெரியவரா? வரச் சொல்லுங்க, காணியைப் பத்திக் கதைக்கலாம்,” என்றார். சட்டத்தரணி வந்த வேலை முடிந்ததென்று தானும் ஒரு பிளேன்டீ வாங்கிக் குடித்தார்.

அடுத்த மாதம் இன்ஸ்பெக்டர் லீவு எடுத்துக்கொண்டு எங்களோடு வான் வண்டியில் வந்தார். முன் ஆசனத்தில் அவர், அய்யே வானை ஓட்ட, பின்னால் சேரும் நானும். கருவி மறுபடியும் என் மடியில். வழியில் ஒவ்வொரு சாவடியிலும் அவர் கண்ணாடியை இறக்கித் தலையை மட்டும் காட்டுவார், கயிறு இறங்கிவிடும். நாலு சாவடிகள் தாண்டும்வரை சேர் பழக்கதோஷத்தில் அடையாள அட்டையைக் கையில் பிடித்தபடியே இருந்தார். ஐந்தாவதில்தான் பொக்கற்றுக்குள் வைத்தார். பிறகு திரும்பி என்னிடம், எங்களைப் பிடித்துக் கொடுத்த அந்த எதிர்வீட்டுக்காரருக்கு ஒரு பெட்டி இனிப்பு அனுப்ப வேண்டும் என்றார்.

காணி இன்ஸ்பெக்டர் சொன்னதை விட நன்றாகவே இருந்தது. தட்டையாக, செம்மண்ணும் முள்ளுமாக, கண்ணுக்கு எட்டிய தூரம் நிழலே இல்லாமல் கிடந்தது. எல்லையால் உயர் அழுத்தக் கம்பி போனது. அய்யே வானை விட்டு இறங்கி, செருப்பைக் கழற்றி வைத்துவிட்டு மண்ணில் நடந்தார், உடனே துள்ளிக்கொண்டு திரும்பி வந்து செருப்பைப் போட்டுக்கொண்டார். சேர் வெயிலில் தொப்பியில்லாமல் நின்று சிரித்தார்.

ஊர்ச் சம்மதம் வேண்டுமென்று விகாரைக்குப் பக்கத்து மண்டபத்தில் சனத்தைக் கூட்டியிருந்தார் மச்சான். பேசுவது அய்யே என்றுதான் ஏற்பாடு. ஆனால் திட்டம் தன்னுடையது, தானே பேச வேண்டும் என்று சேர் பிடிவாதம் பிடித்தார். அவருடைய சிங்களம் வளைகுடாவில் கூட வேலைசெய்தவர்களிடம் பொறுக்கிய சிங்களம். சூரியனுக்குச் சனங்கள் சாதாரணமாகச் சொல்லும் ‘இர’ என்ற சொல் மேடைக்குப் போதாது என்று நினைத்து, அகராதி பார்த்து ‘ஹிரு’ என்ற உயர்ந்த சொல்லைப் பாடமாக்கி வைத்திருந்தார். மேடையில் ஏறியதும் அது அவர் வாயில் ‘ஹிர’ ஆகிவிட்டது. சிங்களத்தில் ஹிரு என்றால் சூரியன். ஹிர என்றால் சிறை.

உங்கள் ஊருக்கு ஒரு ஹிர கொண்டுவந்திருக்கிறேன் என்று தொடங்கினார். நூறு ஏக்கர், இலங்கையிலேயே மிகப் பெரியது என்றார். சுற்றிவர முட்கம்பி வேலி அடித்து, இரவு பகலாகக் காவல் போடுவோம் என்றார். இருபத்தைந்து வருஷத்துக்கு யாரும் அசைக்க முடியாது என்றார். கடைசியில், எல்லாவற்றையும் விட முக்கியமாக, உங்கள் ஊர்ப் பிள்ளைகளுக்குத்தான் முதலில் அங்கே இடம் கொடுப்போம் என்று நெஞ்சில் கை வைத்துச் சொன்னார். பக்கத்தில் இன்ஸ்பெக்டர் நிமிர்ந்து நின்றுகொண்டிருந்தது அதற்கெல்லாம் முத்திரை குத்தினது போலிருந்தது.

முன்வரிசையில் இருந்த ஒரு அம்மா எழும்பி, எங்கள் பிள்ளைகள் என்ன குற்றம் செய்தார்கள் என்று கேட்டார். இன்னொருவர், காவல் வேலைக்கு ஆள் எடுப்பதாக இருந்தால் தன் தம்பி இருக்கிறான் என்றார். சேருக்கு ஒன்றும் விளங்கவில்லை. எல்லாருக்கும் இடமுண்டு என்று மறுபடியும் உறுதி கொடுத்தார்.

பின்னால் சுவரில் சாய்ந்து நின்ற ஒருவர் மட்டும் மெல்லிய குரலில், “ஆரை அடைக்கப் போறீங்க?” என்று கேட்டார். கேட்டுவிட்டு என்னையும் சேரையும் பார்த்தார், பார்த்ததும் முகத்தைத் திருப்பிக்கொண்டார். அவர் கெட்ட எண்ணத்தோடு கேட்கவில்லை. அந்த நாட்களில் அப்படியொரு பெரிய சிறை கட்டினால் யாருக்காக இருக்கும் என்று அந்த மண்டபத்தில் எல்லாருக்கும் ஒரே விடைதான் தெரிந்திருக்கும். எனக்கும் அதே விடைதான் தெரிந்திருந்தது.

அய்யே அதற்குள் மேடைக்கு ஏறிவிட்டார். சேர் சொன்னது ஹிர இல்லை, ஹிரு என்று விளக்கி, கையால் மேலே காட்டினார். விளங்குவதற்குச் சற்று நேரம் பிடித்தது. விளங்கிய பிறகு சிரிப்பு நிற்கவில்லை. அந்த அம்மா சேலைத் தலைப்பால் கண்ணைத் துடைத்துத் துடைத்துச் சிரித்தார். சுவரோரம் நின்றவர் என்னருகே வந்து, நங்கி, செவ்விளநீர் குடிக்கிறீர்களா என்று கேட்டார். குடித்தேன். இன்ஸ்பெக்டர் சிரிக்காமல் நின்றார். நூறு ஏக்கர்ச் சிறைக்கு எத்தனை பேர் காவலுக்கு வேண்டும் என்று தான் ஏற்கெனவே மனக்கணக்குப் போட்டுவிட்டதாகப் பிற்பாடு சொன்னார்.

காணியின் நடுவில் கம்பம் நட்டுக் கருவியைப் பூட்டினோம். மச்சான் அதைச் சுற்றி முள்வேலி போட்டுக் காவல் காத்தார். மாதம் ஒருமுறை அய்யேயும் நானும் போய்ப் பதிவுகளை எடுத்து வருவோம். கணினியில் வரைந்து பார்த்தால் ஒவ்வொரு நாளும் கவிழ்த்துவைத்த கோயில் மணி போல அழகான கோடு. ஐரோப்பியப் பொறியியலாளர் முதல்முறையாகப் பாராட்டி எழுதினார். பறவைகளைப் பற்றி ஒன்றும் கேட்கவில்லை.

இதற்கிடையில் மின்சாரம் வாங்கவேண்டிய அரச அலுவலகத்தில் கூட்டம் நடந்தது. தண்ணீரில் எடுக்கும் மின்சாரத்துக்கும் எண்ணெயில் எடுக்கும் மின்சாரத்துக்கும் அவர்களிடம் விலை இருந்தது, வெயிலுக்கு இல்லை. எரிபொருள் யாரிடம் வாங்குகிறீர்கள் என்று ஒரு அதிகாரி கேட்டார். சேர் கூரையைக் காட்டினார். அதிகாரியும் அண்ணாந்து பார்த்தார், மேலே மின்விசிறி சுற்றிக்கொண்டிருந்தது. காற்றாலை என்று அவர் எழுதிக்கொண்டதை, வெளியே வந்த பிறகு அய்யே சொல்லித்தான் அறிந்தோம். அதைத் திருத்துவதற்கு மேலும் மூன்று கூட்டங்கள் நடந்தன.

வருஷம் முடிந்தபோது எங்களிடம் நல்ல வெயிலும், நல்ல காணியும், ஊர்ச் சம்மதமும் இருந்தன. போரும் இருந்தது. அது முன்னையைவிட மோசமாகியிருந்தது. காணியைப் பார்க்க வருவதாக இருந்த ஐரோப்பியரை அவருடைய அரசாங்கம் இலங்கைக்குப் போக வேண்டாம் என்று தடுத்தது. பிறகு கொழும்பிலேயே குண்டு வெடித்தது. அதன்பிறகு வந்த மின்னஞ்சல் மரியாதையாகவும் சுருக்கமாகவும் இருந்தது. நிலைமை சீரானதும் பேசலாம் என்று எழுதியிருந்தார்கள். சேர் அதை எங்களுக்கு வாசித்துக் காட்டிவிட்டுக் கணினியை மூடினார். கீழே சேலைக் கடையில் ஏதோ கல்யாணக் கூட்டம் சத்தமாகச் சிரித்துக்கொண்டிருந்தது.

அந்த வாரமே இன்ஸ்பெக்டர் சாதாரண உடுப்பில் அலுவலகத்துக்கு வந்தார். அவருக்குக் கிழக்குக்கு மாற்றலாகியிருந்தது. தன் ஊர் வெயிலைப் பேப்பரில் பார்க்க வேண்டும் என்றார். வருஷம் முழுவதுக்குமான கோடுகளை மேசையில் விரித்துக் காட்டினேன். மெல்லமாக விரலை வைத்துப் பார்த்துக்கொண்டே போனவர், ஒரு பள்ளத்தில் நிறுத்தினார்.

“இது என்ன, நங்கி?”

“அண்டைக்கு நல்ல மழை, சேர்.”

“ஓம்,” என்றார். “மச்சான்ட மகளிண்ட கல்யாணம். பந்தல் முழுக்க நனைஞ்சுபோச்சு.” மனைவியும் தானும் கடைசியாக ஒன்றாக ஊருக்குப் போனது அன்றுதான் என்று சொல்லி, அந்தப் பள்ளத்தை இன்னும் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தார். படத்தைச் சுருட்டி அவரிடமே கொடுத்தோம். படிக்கட்டில் இறங்கும்போது, சார்ஜன்ட்டின் டோர்ச்சைத் தன் ஊர் வெயில் வென்றுவிட்டதென்று அவரிடமும் சொல்லிவிடுவதாகச் சொன்னார். கிழக்கிலிருந்து ஒருமுறை சேருக்குத் தொலைபேசி எடுத்து, அங்கேயும் வெயில் பரவாயில்லை என்றாராம். அதன்பிறகு அவரைப் பற்றி நாங்கள் ஒன்றும் கேள்விப்படவில்லை.

கருவியைக் கழற்றிக்கொண்டு வரக் கடைசியாக ஒருமுறை அம்பாந்தோட்டைக்குப் போனோம். இந்தமுறை முன் ஆசனத்தில் இன்ஸ்பெக்டர் இல்லாததால் ஒவ்வொரு சாவடியிலும் இறங்கி, கருவிக்கு விளக்கம் சொல்லி, மத்தியானம் கழிந்துதான் போய்ச் சேர்ந்தோம். மச்சான் முகத்தைத் தொங்கப் போட்டுக்கொண்டு நின்றார். அந்த இடத்தில் மரமுந்திரிகை நடலாமா என்று அய்யேயிடம் யோசனை கேட்டார். நடலாம் என்றார் அய்யே. புறப்படும்போது மச்சான் மூன்று சட்டி எருமைத் தயிரும் அதில் ஊற்றிச் சாப்பிட ஒரு போத்தல் கித்துள் பாணியும் கொண்டுவந்து வானில் வைத்தார்.

ஒரு மணித்தியாலம் ஓடியிருக்காது, ஒரு பள்ளத்தில் வான் விழுந்து எழும்ப, சட்டி ஒன்று வெடித்தது. அய்யே வானை ஓரங்கட்டினார். வீணாகப் போகக்கூடாதென்று, மூன்று பேரும் வீதியோரப் புளியமரத்தடியில் குந்தியிருந்து, உடைந்த ஓட்டிலேயே பாணியை ஊற்றி விரலால் வழித்துச் சாப்பிட்டோம். திட்டத்தைப் பற்றி ஒருவரும் கதைக்கவில்லை. கழுத்துப் பட்டியில் தயிர் வடிய, சேர் இரண்டாவது தரமும் வழித்து வாயில் வைத்துவிட்டு, இது எப்படி இவ்வளவு கெட்டியாக உறைகிறது என்று கேட்டார். எருமைப் பாலில் கொழுப்புக் கூட, பிறகு புதுச் சட்டி தண்ணீரை உறிஞ்சிவிடும் என்று அய்யே விளக்கினார்.

சேர் விரலை நக்கிக்கொண்டு தூரத்தில் குளத்தங்கரையில் மேய்ந்த எருமைகளைப் பார்த்தார். நெடுநேரம் பார்த்தார்.

“பிள்ளை,” என்றார், “இதைப் பெரிய அளவில ஆரும் செய்யினமே?”

அய்யே எழும்பி, கையைக் கால்சட்டையில் துடைத்துக்கொண்டு, வானை ஸ்டார்ட் செய்தார்.